நூறு சுடர்

எனக்கு எழுபது நெருங்குகிறது. ரேசன் கார்டில் எழுபத்து மூன்று என்று இருக்கிறது. அது எழுத வந்தவன் என்னைக் கேட்காமலே முகத்தைப் பார்த்துப் போட்டது. வளர்த்தது ஏழு பேர். நாலு என் வயிற்றில் பிறந்தவை, இரண்டு என் கொழுந்தனார் விட்டுப்போனவை, ஒன்று சாத்தூர் பஸ் ஸ்டாண்டில் அழுதுகொண்டு நின்றது. ஏழும் இன்றைக்குக் கஞ்சிக்குக் குறைவில்லாமல் இருக்கின்றன. பெருமைக்குத்தான் சொல்கிறேன். எனக்குப் பெருமை உண்டு, மறைக்கவில்லை.

என்னோடு வரிசையில் உட்கார்ந்து தீப்பெட்டி ஒட்டினவர்களுக்கு இதை எழுதுகிறேன். நம்மில் இருப்பது எத்தனை பேர் என்று தெரியவில்லை. இருக்கிறவர்கள் கேளுங்கள்.

நமக்குப் பத்து வயதிருக்கும். தீபாவளிக்கு இன்னும் பத்து நாள். எங்கள் அய்யாவின் சைக்கிள் மட்டும் தெருவுக்குள் வந்தது. அச்சாபீசில் கூட வேலை பார்த்தவர் ஒருவர் அதைத் தள்ளிக்கொண்டு வந்து எங்கள் வாசலில் சாய்த்துவிட்டு, யார் முகத்தையும் பார்க்காமல் திரும்பிப் போனார். சைக்கிளில் தூக்குச்சட்டி தொங்கியது. அதில் சோறு அப்படியே இருந்தது. நீங்களெல்லாம் வாசலில் நின்று பார்த்தீர்கள். அதற்குப் பிறகு எங்கள் வீட்டைப் பற்றி நீங்கள் கேள்விப்பட்டதில் ஒன்று பொய். அந்தப் பொய்யோடு எங்கள் அம்மாவுக்குத் தெருவில் ஒரு பட்டப்பெயரும் வந்தது. அந்தப் பெயரை எடுக்கத்தான் உட்கார்ந்திருக்கிறேன்.

அய்யா அச்சாபீசில் கல்லில் படம் எழுதுகிறவர். அப்போது பெரிய அச்சாபீசுகளில் கல்லுக்குப் பதிலாகத் தகடு வந்துவிட்டது. அய்யா இருந்த சின்ன அச்சாபீசில் இன்னும் கல்தான். அம்மி கனத்தில், வழவழவென்று, லேசான மஞ்சளாக ஒரு கல் இருக்கும். அதில் கொழுப்பு மையால் படத்தை இடம் வலமாக மாற்றி எழுதுவார். எழுத்தும் அப்படியே திரும்பித்தான் இருக்கும். தாளில் அடிக்கும்போது நேராகிவிடும். எழுதி முடித்ததும் வேலம்பிசினைக் கரைத்துப் பூசிக் காயவிடுவார். அந்தப் பிசின் வாசனையும் சீமை எண்ணெய் வாசனையும் சேர்ந்ததுதான் எனக்கு அய்யா. அம்மா மேல் தீக்குச்சி மருந்து வாசனை வரும். இரண்டு பேருக்கும் நடுவில் படுத்தால் தும்மல் வரும்.

வேலை முடிந்துவிட்டால் கல்லைத் தேய்த்துவிடுவார்கள். சலித்த மணலைத் தூவி, தண்ணீர் விட்டு, சின்னக் கல் ஒன்றை அதன்மேல் வட்டம் வட்டமாக ஓட்டினால் படம் போய்க் கல் புதுசாகிவிடும். அடுத்த ஆர்டருக்கு அதே கல். கல் விலை அதிகம், படத்துக்கு விலை கிடையாது. அய்யா எழுதிய மயிலும் சாமியும் பிள்ளைகளும் எத்தனையோ அப்படி மணலோடு மணலாகப் போயிருக்கின்றன. ஒருநாளும் அவர் வருத்தப்பட்டு நான் பார்த்ததில்லை.

அந்த வருசம் ஆவணி மாதத்தில் மெட்ராசிலிருந்து ஏஜெண்ட் ஒருவர் அச்சாபீசுக்கு வந்தார். பிள்ளைகள் படிக்கிற பத்திரிகை ஒன்று அங்கே புதிதாக வரப்போகிறதாம். அதில் ஒரு தொடர்கதை. வானத்தில் ஏழு சூரியன்கள், ஒவ்வொன்றையும் சுற்றி மூன்று உலகங்கள், எல்லாவற்றையும் ஆள ஒரே சர்க்கார். அதற்கு நட்சத்திரக் கூட்டரசு என்று பெயர். அந்தக் கூட்டரசுக்கென்று அரசாங்கப் பணம் உண்டு. அதை நிசமான நோட்டு மாதிரி அடித்துப் புத்தகத்துக்கு ஒன்றாக உள்ளே வைத்துக் கொடுக்க வேண்டும். அதுதான் ஆர்டர். நிலாவில் ஆள் இறங்கினான் என்று டீக்கடைகளில் பேசிக்கொண்டிருந்த வருசம் அது. வானத்தைப் பற்றி எதைச் சொன்னாலும் சனங்கள் வாய் திறந்து கேட்டார்கள்.

காலண்டர் சீசன் என்பதால் அச்சாபீசில் மேசையே காலியில்லை. "வீட்ல வச்சு எழுதிக்கங்க" என்று முதலாளி சொல்லிவிட்டார். நோட்டுக்கு முன்பக்கம் ஒரு கல், பின்பக்கம் ஒரு கல் என்று இரண்டு கல் தள்ளுவண்டியில் எங்கள் வீட்டுக்கு வந்தன.

எப்படி எழுதுவது என்று அய்யாவுக்குத் திகைப்பு. முதலாளிதான் தன் பையிலிருந்து நூறு ரூபாய் நோட்டு ஒன்றை எடுத்து மேசையில் விரித்து, பக்கத்திலேயே நின்று, "பணம்னா பணம் மாதிரி இருக்கணும்ல? இந்தக் கரையப் பாத்துக்கங்க" என்றாராம். அய்யா அதைப் பார்த்து மனதில் வாங்கிக்கொண்டு வந்தார். அணில் வால் முடியில் கட்டிய தூரிகை, எஃகு முனைப் பேனா, கண்ணில் இடுக்கிக்கொள்கிற சின்னப் பூதக்கண்ணாடி. கொடி கொடியாக, கோட்டுக்குள் கோடாக நோட்டின் கரையைச் சுற்றி எழுதினார். முன்பக்கத்தில் ராக்கெட், அதன் தலைக்கு மேல் வளைவாக ஏழு சூரியன்கள், கீழே எழுத்து. பின்பக்கத்தில் கரையும் நூறு என்கிற எண்ணும் பூவேலையும் மட்டும்.

நான் பக்கத்தில் உட்கார்ந்து பெட்டி ஒட்டிக்கொண்டே கேட்பேன்.

"என்னய்யா எழுதிருக்கு?"

"நட்சத்திரக் கூட்டரசு. நூறு சுடர். ஏழு சூரியனுக்குக் கீழயும் செல்லும்."

"சுடர்னா?"

"அங்கன ரூவா கிடையாது தாயி. சுடர்தான்."

அம்மா அடுப்படியிலிருந்து, "இங்கன ஒரு சூரியனே மண்டையப் பொளக்குது. ஏழு சூரியனுக்குக் கீழ எவன் குடியிருப்பான்?" என்றாள்.

"அவுகளுக்குப் பழகிருக்கும்."

"நூறு சுடருக்கு என்னய்யா கிடைக்கும்?" என்றேன்.

அய்யா தூரிகையை எடுக்காமலே யோசித்தார். "ஒரு மழை கிடைக்கும்."

"ஒண்ணுதானா?"

"பெரிய மழை. கம்மாய் நெறையுற மழை."

"சில்லறை குடுத்தா?"

"சில்லறைக்குத் தூத்தல் போடும்."

அம்மா சிரித்தாள். எங்கள் வீட்டில் அப்படிச் சிரிப்பு கேட்டது அதோடு சரி என்று அப்போது யாருக்குத் தெரியும்.

முதலில் பின்பக்கத்தை அடித்தார்கள். ஆரம்பத்தில் மை கூடிப்போய்த் தாள் நிறைய வீணாகியது. ஒருபக்கம் மட்டும் அடித்த அந்தத் தாள்களைக் கழிவோடு கழிவாகக் கட்டி எடைக்குப் போட்டார்கள். நம் பக்கத்து அச்சாபீசுக் கழிவெல்லாம் எங்கே போகும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. எம்.புதுப்பட்டிப் பக்கம் வெடிக்குக் குழாய் உருட்டுகிறவர்கள் வாங்கிக்கொண்டு போவார்கள். சாமி படமும் சோப்பு லேபிளும் வெடிக்குள் போய்ச் சுருண்டுகொள்ளும். பின்பக்கக் கல்லைத் தேய்த்து அடுத்த வேலைக்கு எடுத்துக்கொண்டார்கள். பிறகு நல்ல தாள்களில் முன்பக்கம் அடித்தார்கள். நறுக்கி முடித்த நோட்டு ஒன்றை அய்யா எனக்குக் கொண்டுவந்து கொடுத்தார். முன்பக்கம் வெளிர்ப்பச்சை, பின்பக்கம் ஊதா. விரித்தால் என் முகம் மறையும். ராத்திரிச் சோறு தின்னும்போதுகூட அதைப் பாவாடை இடுக்கில் செருகிக்கொண்டிருந்தேன்.

அதற்குப் பிறகுதான் ஐந்நூறு சுடர் நோட்டும் வேண்டும் என்று ஏஜெண்ட் சொல்லி அனுப்பினார். படம் அதேதான், எண்ணை மட்டும் மாற்ற வேண்டும். அதனால் முன்பக்கக் கல்லைத் தேய்க்காமல் மறுபடி எங்கள் வீட்டுக்கு அனுப்பினார்கள். மூலையில் துணி மூடிக் கிடந்தது.

அதற்குள் சாத்தூர்ச் சந்தையில் அது நடந்தது. தீபாவளிக்கு ஆடு விற்க வந்த ஒரு கிழவர், பொழுது சாயும் நேரத்தில் இரண்டு கிடாயைக் கொடுத்துவிட்டு நூறு ரூபாய் வாங்கி மடியில் முடிந்துகொண்டு போயிருக்கிறார். மறுநாள் பலசரக்குக் கடையில் அதை நீட்டியபோதுதான் தெரிந்தது. வீணான தாளிலிருந்து இரண்டு துண்டை வெட்டி, முதுகோடு முதுகு ஒட்டி, கசக்கி, அழுக்காக்கிக் கொடுத்திருக்கிறான் எவனோ. இரண்டு பக்கமும் பின்பக்கம். ராக்கெட்டும் கிடையாது, கூட்டரசும் கிடையாது. மங்கின கண்ணுக்குக் கரையும் நூறும் போதாதா? ஒட்டினவன் யார் என்று கடைசிவரை தெரியவில்லை. கிழவர் கடை வாசலில் உட்கார்ந்து தலையில் அடித்துக்கொண்டு அழுதாராம்.

போலீஸ் அந்த நோட்டை எடுத்துக்கொண்டு சிவகாசியில் ஒவ்வொரு அச்சாபீசாக ஏறி இறங்கியது. பார்த்தவர்கள் எல்லாரும் ஒன்றையே சொல்லியிருக்கிறார்கள்: "இந்தக் கொடி சுத்துற கோடு இந்த ஊர்ல ஒருத்தர் கைதான்." பகையில் சொல்லவில்லை. தொழில் தெரிந்தவர்கள் பாராட்டாகத்தான் சொன்னார்கள். அந்தப் பாராட்டில் அய்யாவைப் பிடித்துக்கொண்டு போனார்கள்.

முதலாளி பயந்துவிட்டார். ஆர்டர் கடிதம், அடித்து வைத்திருந்த நோட்டுக் கட்டு எல்லாவற்றையும் வார்னிஷ் காய்ச்சுகிற அடுப்பில் போட்டு எரித்தார். "எங்க கம்பெனில லேபிளும் காலண்டரும்தான். வீட்ல உக்காந்து அவர் என்ன எழுதுனார்னு எனக்குத் தெரியாது" என்று சொல்லிவிட்டார். ஏஜெண்டின் முகவரி அந்தக் கடிதத்தில்தான் இருந்தது.

சைக்கிள் வந்த அன்று அம்மா வேலையிலிருந்து ஓடிவந்தாள். தலையெல்லாம் மருந்துத் தூசி. தூக்குச்சட்டியைத் திறந்து பார்த்தாள், மூடினாள், மறுபடி திறந்து பார்த்தாள். பிறகு கதவைச் சாத்திவிட்டு, "ஒரு கை குடு" என்றாள். நானும் அவளுமாகக் கல்லைப் படம் கீழே இருக்கும்படி கவிழ்த்து, அதன்மேல் தண்ணீர்ப் பானையைத் தூக்கி வைத்தோம்.

அவள் ஸ்டேஷனுக்குப் போனதும் நான் இடுப்பிலிருந்து என் நோட்டை எடுத்தேன். அடுப்பில் கங்கு இருந்தது. ராக்கெட் இருந்த பக்கத்தை மேலே வைத்துப் போட்டேன். ஓரம் பச்சையாக எரிந்தது. சாம்பலில்கூடச் சூரியன்கள் தெரிந்தன. கரண்டியால் குத்திப் பொடியாக்கினேன். கள்ள நோட்டு வைத்திருந்தால் சின்னப் பிள்ளையையும் பிடிப்பார்கள் என்று தெருவில் யாரோ சொன்னது என் காதில் விழுந்திருந்தது. யார் சொன்னது என்று நான் கேட்கவில்லை.

நாலு நாள் அம்மா தீப்பெட்டிக் கம்பெனிக்குப் போகவில்லை. காலையில் சோறு கட்டிக்கொண்டு ஸ்டேஷனுக்குப் போவாள். சோற்றை வாங்கிக்கொள்வார்கள், ஆளைப் பார்க்க விடமாட்டார்கள். எதிரே மரத்தடியில் உட்கார்ந்திருந்துவிட்டுப் பொழுது சாய வருவாள். பகல் முழுக்க நானும் அந்தக் கல்லும். ஊரெல்லாம் தீபாவளிக்கு வெடி வெடித்துப் பார்த்துக்கொண்டிருந்தது. எங்காவது ஒன்று வெடித்தால் போலீஸ் சுடுகிறது என்று நினைத்துக் கதவுக்குப் பின்னால் போய் நிற்பேன். தண்ணீர் மோக்கப் போகும்போதெல்லாம் பானைக்கு அடியில் அது என்னைப் பார்ப்பதுபோல் இருக்கும். தாகம் எடுத்தாலும் குடிக்காமல் இருந்தேன்.

மூன்றாம் நாள் முதலாளியின் கணக்கர் வந்தார். வாசலைத் தாண்டி உள்ளே வரவில்லை.

"அம்மா இல்லையா?"

"டேசனுக்குப் போயிருக்காக."

"வந்தா சொல்லு. வீட்ல கல்லு கில்லு இருந்தா கண்ணுல படாமப் பண்ணிரச் சொன்னாரு மொதலாளி. அது மட்டும் சிக்குச்சு, பத்து வருசம் உள்ளதான். கேட்டியா?"

அவர் கெட்ட எண்ணத்தில் சொன்னார் என்று ரொம்ப வருசம் நினைத்திருந்தேன். இப்போது அப்படித் தோன்றவில்லை. முதலாளிக்கும் கணக்கருக்கும் பயம். பயந்தவர்களுக்கு எல்லாமே தடயமாகத் தெரிந்திருக்கிறது, எது காப்பாற்றும் எது மாட்டிவிடும் என்று பிரித்துப் பார்க்க நேரமில்லை. ஆனால் பத்து வயதுப் பிள்ளையிடம் பத்து வருசம் என்று சொல்லிவிட்டுப் போனார். என் வயசு முழுக்க அய்யா உள்ளே இருப்பார் என்று கணக்குப் பண்ணினேன்.

அதை அம்மாவிடம் சொன்னேன். "ம்" என்றாள். அவளுக்கும் என்ன செய்வதென்று தெரியவில்லை.

மறுநாள் ஏட்டையா வந்தார். கூட ஒரு போலீஸ்காரர். பெட்டியைக் கொட்டினார்கள், அடுக்குப்பானையை இறக்கினார்கள், பாயை உதறினார்கள். அய்யாவின் தூரிகைகளையும் பூதக்கண்ணாடியையும் ஒரு துணியில் கட்டிக்கொண்டார்கள். நான் சுவரைப் பிடித்துக்கொண்டிருந்தேன்.

ஏட்டையா வேர்வையைத் துடைத்துவிட்டு, "ஏ புள்ள, தண்ணி குடு" என்றார்.

நான் அசையவில்லை. அவரே பானையிடம் போனார். செம்பை விட்டு மோந்தார். அவருடைய செருப்பு நுனி கல்லில் இடித்தது.

"உங்கய்யா வீட்ல உக்காந்து என்ன எழுதுவாரு?"

"எனக்குத் தெரியாது."

"எழுதுற கல்லு எங்க?"

"எனக்குத் தெரியாது."

"எதக் கேட்டாலும் தெரியாதா? உம் பேராச்சும் தெரியுமா?" என்று சிரித்தார். இரண்டாவது செம்பும் குடித்தார். போகும்போது கூட வந்தவரிடம், "நாளைக்கு அச்சாபீசு வேலை தெரிஞ்ச ஆள் ஒண்ணைக் கூட்டியாந்து பாப்போம்யா. நமக்கு இதுல எது என்னன்னு புரியலை" என்றார்.

அந்த ராத்திரி அம்மாவிடம் ஏட்டையா வந்ததைச் சொன்னேன். நாளைக்கு வருவார் என்பதைச் சொல்லவில்லை. ஏன் சொல்லவில்லை? சொன்னால் அவள் முகம் என்ன ஆகும் என்று பயம். அவ்வளவுதான் காரணம்.

கம்பெனியில் காலைச் சங்கு ஊதியது. அம்மா சோற்றோடு கிளம்பினாள். நான் கதவைத் தாழ் போட்டேன்.

பானைத் தண்ணீரைக் குடம் குடமாக மோந்து ஊற்றிக் காலியாக்கி, பானையை உருட்டி நகர்த்தினேன். உலக்கையைக் கல்லுக்கு அடியில் கொடுத்து நெம்பிச் சுவரில் சாய்த்தேன். கட்டைவிரல் நசுங்கியது. அழாமல் இன்னொரு நெம்பு நெம்பினேன். கல் மல்லாந்து விழுந்தது. பிசின் பூச்சு பளபளவென்று இருந்தது. ராக்கெட், ஏழு சூரியன், திரும்பிய எழுத்து, திரும்பிய நூறு. எல்லாம் ஒரு கீறல் இல்லாமல் இருந்தன.

கொல்லையிலிருந்து மணல் அள்ளி அம்மாவின் பழைய சேலைத் துணியில் சலித்தேன். கல் தேய்க்கிற ஆளை அச்சாபீசில் எத்தனையோ தடவை நின்று பார்த்திருக்கிறேன். ஒரே இடத்தில் அழுத்தக் கூடாது, எட்டுப் போடுகிறமாதிரி சுற்ற வேண்டும், தண்ணீர் வற்றக் கூடாது. அம்மிக்குப் பக்கத்தில் கிடந்த தட்டைக் கல்லை வைத்துச் சுற்ற ஆரம்பித்தேன். கறகறவென்று சத்தம். அந்தச் சத்தம் தெருவுக்குக் கேட்கும் என்று பயந்து, நடு நடுவே நிறுத்திக் காது கொடுத்துக் கேட்டேன். யாரோ நடக்கிற சத்தம். நின்றுவிட்டது. மறுபடி சுற்றினேன். வெளியே நீங்கள் பாண்டி ஆடிக்கொண்டிருந்தீர்கள். என்னைக்கூடக் கூப்பிட்டீர்கள். நான் இன்னும் கொஞ்சம் மணலைத் தூவினேன்.

முதலில் சூரியன்கள் போயின. அப்புறம் ராக்கெட். கரையில் இருந்த கொடி சீக்கிரம் போகவில்லை. அய்யாவின் கோடு கல்லுக்குள் ஊறியிருந்தது. எழுத்து போனது. கடைசியாக நூறு. வழித்தெடுத்த சாம்பல் நிறச் சேற்றைக் குப்பைக்குழியில் கொட்டி, மேலே சாணியைப் போட்டேன். மத்தியானச் சங்கு ஊதும்போது கல் பால் மாதிரி வெளுத்திருந்தது. என் இரண்டு உள்ளங்கையும் கொப்புளித்திருந்தன. அய்யாவைக் காப்பாற்றிவிட்டேன் என்று நினைத்தேன். நாலு நாளுக்குப் பிறகு அன்றைக்குத்தான் தண்ணீர் வயிறு நிறையக் குடித்தேன்.

அன்றைக்கு அம்மா வெயில் தாழுமுன்னே வந்துவிட்டாள். ஓடி வந்தாள். அவளுக்குப் பின்னால் ஒருவர் தள்ளுவண்டியோடு வந்தார். அம்மா முகத்தில் சிரிப்பு இருந்தது.

"ஏ தாயி, அய்யாவப் பாத்தேன். பேச விட்டாக! கல்ல எடுத்துட்டு வரச் சொன்னாரு. அதுல எல்லாம் எழுதிருக்காம். நட்சத்திரம், கூட்டரசு, எல்லாம். அதப் பாத்தா இது வெளாட்டுப் பணம்னு சின்னப் பிள்ளைக்கும் தெரியுமாம். கல்லுதான் என்னைய வெளிய கொண்டாரும்னு சொன்னாரு. ஏட்டையாவும் கொண்டான்னுட்டாரு. வா, பிடி..."

பானை தள்ளி இருப்பதைப் பார்த்தாள். கல்லைப் பார்த்தாள்.

குனிந்து உள்ளங்கையால் கல்லைத் தடவினாள். தூசிக்குக் கீழே படம் இருக்கும் என்பதுபோல் முந்தானையை நனைத்துத் துடைத்தாள். திரும்பத் திரும்பத் துடைத்தாள்.

"உனக்கு ஒரு நோட்டுக் குடுத்தாருல்ல? அது எங்க?"

"அடுப்புல."

"எப்ப?"

"அன்னைக்கே."

அவள் என்னை அடிப்பாள் என்று நின்றேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். என் கையைப் பிடித்து விரித்துக் கொப்புளங்களைப் பார்த்தாள். வாசலிலிருந்து வண்டிக்காரர், "என்னத்தா, தூக்கிரலாமா?" என்று குரல் கொடுத்தார்.

அம்மா எழுந்து வாசலுக்குப் போய், தெருவுக்கே கேட்கும்படி சொன்னாள்: "கல்லுல படம் இல்லண்ணே. பயத்துல நாந்தான் தேச்சுப்புட்டேன். புத்தியில்லாமத் தேச்சுப்புட்டேன். நீங்க போங்க."

பிறகு உள்ளே வந்து கதவைச் சாத்தினாள். என் தோளைப் பிடித்த பிடியில் நகம் இறங்கியது.

"இத நீ செய்யலை. நான் செஞ்சேன். செத்தாலும் இதுதான் பேச்சு. உங்கய்யாவுக்கு உம்மேலதான் உசிரு. நீ செஞ்சன்னு தெரிஞ்சா உள்ளயே ஒடிஞ்சு போவாரு. எம்மேல கோவம்னா அந்தக் கோவத்துலயாச்சும் உசிரோட வருவாரு."

வண்டிக்காரர் சும்மா இருப்பாரா? பொழுது அடைவதற்குள் தெரு முழுக்கத் தெரிந்துவிட்டது. புருசனைக் காப்பாற்ற இருந்த ஒரே கல்லைத் தேய்த்தவள். "கல்லத் தேச்சவ" என்று பெயர் வைத்தீர்கள். குழாயடியில் அவள் குடத்தை வைத்தால், "பாத்து, குடத்தையும் தேச்சுறப் போறா" என்று சிரித்தீர்கள். உங்கள் அம்மாமார் சொன்னதைத்தான் நீங்கள் சொன்னீர்கள். நானும் பக்கத்தில் நின்றேன். ஒருநாள் நீங்கள் சிரித்தபோது நானும் சிரித்தேன். சிரிக்காவிட்டால் கண்டுபிடித்துவிடுவீர்கள் என்று பயம்.

கல் அச்சாபீசுக்குச் சொந்தமானது. அடுத்த வாரமே ஆள் வந்து எடுத்துக்கொண்டு போனார்கள். அதில் யாருக்கோ பட்டாசு லேபிள் எழுதினார்கள் என்று கேள்வி.

தீபாவளி போனது. பொங்கல் போனது. மாசி மாதம் மெட்ராஸ் ஏஜெண்ட் வேறு வேலையாக ஊருக்கு வந்தார். அந்தப் பத்திரிகை தொடங்கவே இல்லையாம். விசயத்தைக் கேட்டதும் மனுசன் நேரே ஸ்டேஷனுக்குப் போய், கையிலிருந்த கடித நகலைக் காட்டி, "கதையில வர்ற பணத்துக்கா ஆள உள்ள வச்சிருக்கீங்க?" என்று கேட்டிருக்கிறார். அதோடு வழக்கு முடிந்தது. அய்யாவை விடும்போது ஏட்டையா வருத்தப்பட்டே சொன்னாராம்: "அந்தக் கல்லு இருந்திருந்தா அன்னைக்கே விட்டிருப்போம்யா. உங்க வீட்டம்மா அவசரப்பட்டுட்டாக."

அய்யா வந்தார். கன்னம் ஒட்டிப்போயிருந்தது. குளித்தார், சாப்பிட்டார், என் தலையைத் தடவினார். பிறகு பானை இருந்த மூலையைப் பார்த்துக்கொண்டு கேட்டார்.

"கல்ல யாரு தேச்சது?"

நான் நிலைப்படியில் நின்றேன். அம்மா என்னைப் பார்க்கவே இல்லை.

"நாந்தான்" என்றாள்.

அய்யா ஒன்றும் சொல்லவில்லை. அன்றைக்கு மட்டுமல்ல. அதற்குப் பிறகு அவர் அம்மாவோடு பேசவே இல்லை. ஒன்பது வருசம். ஒரே வீடு, ஒரே சோறு. "உங்கம்மாட்டச் சோறு போடச் சொல்லு." "உங்கய்யாட்டச் சொல்லு, மானம் இருட்டிட்டு வருது, குடையெடுத்துட்டுப் போகச் சொல்லி." மூன்றடி தூரத்தில் உட்கார்ந்திருப்பவர்களுக்கு நடுவில் நான் பேச்சைத் தூக்கிக்கொண்டு போனேன், வந்தேன். போலீசிடம் இருந்த பயம் போய் அய்யாவிடம் வந்துவிட்டது. அவர் வாய் திறக்கும்போதெல்லாம், இன்றைக்குக் கேட்கப்போகிறார், கையைக் காட்டு என்று சொல்லப்போகிறார் என்றே தோன்றும். கொப்புளம் ஆறி வருசக் கணக்கான பிறகும் அவர் முன்னால் கையை மூடியே வைத்திருப்பேன்.

எந்த அச்சாபீசும் அவரைச் சேர்த்துக்கொள்ளவில்லை. தீப்பெட்டிக் கம்பெனியில் மருந்து முக்கிய குச்சிச் சட்டங்களைக் காயவைக்கிற வேலைக்குப் போனார். படம் எழுதவே இல்லை. ஆனால் சாயங்காலமானால் என்னைக் கூப்பிட்டு உட்காரவைத்து, லேபிள் தாளின் பின்பக்கத்தில் பென்சிலால் எழுத்துப் போட்டுக் காட்டுவார்.

"உங்கம்மாவுக்கு எழுத்துத் தெரிஞ்சிருந்தா, அதுல என்ன எழுதிருக்குன்னு வாசிச்சிருப்பா. தேச்சிருக்க மாட்டா. நீயாச்சும் படி தாயி."

அம்மா அடுப்படியில் இருந்து அதைக் கேட்டுக்கொண்டு இருப்பாள். நான் ஆனா எழுதுவேன். எனக்குத் தெரிந்த எழுத்து முழுக்க அப்படி வந்ததுதான். ஒவ்வொரு எழுத்தையும் அம்மா மேல் பழி சொல்லித்தான் அவர் எனக்குக் கொடுத்தார், நானும் வாங்கிக்கொண்டேன்.

எனக்குப் பத்தொன்பது வயதில் அய்யா போய்ச் சேர்ந்தார். நெஞ்சுச் சளி. கடைசி நாளில் மூச்சு வாங்க வாங்க என்னிடம் சொன்னது, "உங்கம்மாவச் சாப்பிடச் சொல்லு." அம்மா அவர் தலைமாட்டில்தான் உட்கார்ந்திருந்தாள். நான் திரும்பி, "சாப்பிடச் சொல்றாரு" என்றேன். "சரின்னு சொல்லு" என்றாள்.

காரியமெல்லாம் முடிந்தபின் கேட்டேன். "ஒரு தடவையாச்சும் சொல்லிருக்கலாம்லம்மா? நான் பெரியவளான பெறகாச்சும்?"

அவள் பெட்டி ஒட்டிக்கொண்டிருந்தாள், நிறுத்தவில்லை. "எங்கிட்டப் பேசலைன்னா எனக்குக் கஞ்சி எறங்காதா? எறங்குச்சு. உங்கிட்டப் பேசாம இருந்திருந்தா நீ என்னாயிருப்ப? போ, பசை காயுது."

அவளும் போய் முப்பது வருசத்துக்கு மேல் ஆகிறது. போன மாதம் ஆமத்தூரில் ஒரு கல்யாண வீட்டில் நம் கூட்டாளி ஒருத்தியைப் பார்த்தேன். பக்கத்தில் இருந்த மருமகளிடம் என்னைக் காட்டி, "இவ யாரு தெரியுமா? கல்லத் தேச்சவ மக" என்றாள். தப்பாகச் சொல்லவில்லை, அடையாளத்துக்குச் சொன்னாள். நான் சாப்பிடாமல் எழுந்து வந்துவிட்டேன். மறுநாள் கடைக்குப் போய் எழுதுகிற நோட்டு வாங்கினேன். இவ்வளவையும் எழுத இருபது நாள் ஆகியிருக்கிறது.

எழுதி முடித்தும் பயம் போகவில்லை. இந்த வயதில் யாருக்குப் பயப்படுகிறேன் என்று எனக்கே புரியவில்லை.

என் பேத்தி இதை வாசித்துச் செல்போனில் பதிந்து உங்களுக்கு அனுப்புவதாகச் சொல்லியிருக்கிறாள். அதற்கு முன்னால் எனக்கு ஒரு தடவை கேட்க வேண்டும். இங்கே வா தாயி, கண்ணாடியைப் போட்டுக்கொள். கோணல் எழுத்துக்குச் சிரிக்காதே. மெதுவாக, முதலிலிருந்து வாசி. கல்லைத் தேய்க்கிற இடம் வரும்போது குரலைத் தாழ்த்தாதே. அங்கே 'நான்' என்று எழுதியிருக்கிறேன், நான் என்றே வாசி. கதவு திறந்தே இருக்கட்டும்.